ஜும்ஆவுக்கு ராங் ரூட்டில் வரலாமா?



மூன்று வாரங்களுக்கு முன், ஒரு வெள்ளிக்கிழமை அஸர் தொழுகை முடிந்ததும் நம் மஹல்லா இளைஞர் ஒருவர் என் அறைக்கு வந்தார். வெள்ளைச் சட்டையின் கையில் இரத்தக் கறை. அது அவருடைய இரத்தம் அல்ல. உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. நின்றபடியே கேட்டார்: “ஹஜ்ரத், நான் ஜும்ஆவுக்குத்தானே வந்தேன்? இதுக்குப் போயி அல்லாஹ் என்னைப் பிடிப்பானா?”

என்ன நடந்தது என்று ஜமாஅத்தார் பலருக்கும் தெரியும். வெளியூரிலிருந்து வாசிப்பவர்களுக்காகச் சொல்கிறேன். பெயரைக் குறிப்பிடாமல் எழுதலாம் என்று அவரும் அனுமதி தந்திருக்கிறார்.

எங்கள் மஸ்ஜித் இருப்பது பேருந்து நிலையத்தின் பின்பக்கத் தெருவில். சில ஆண்டுகளாக அது ஒருவழிப்பாதை. வடக்கிலிருந்து தெற்கு நோக்கி மட்டுமே வண்டிகள் போகலாம். தெற்கு முனையில் நோ என்ட்ரி பலகை இருக்கிறது. சிவப்பு வட்டத்தின் நடுவே வெள்ளைப் பட்டை. தெற்குப் பக்கத்திலிருந்து வருகிறவர் முறையாக வர வேண்டும் என்றால் பேருந்து நிலையத்தைச் சுற்றிக்கொண்டு ஏறத்தாழ 1 கிலோமீட்டர் கூடுதலாக ஓட்ட வேண்டும். பலகையைத் தாண்டி நேரே நுழைந்தால் 200 அடியில் மஸ்ஜித் வாசல். வெள்ளிக்கிழமை 1 மணிக்கு மேல் அந்த முனையில் நின்று பாருங்கள். தொப்பியும் அத்தருமாக ஒருவர் பின் ஒருவராக உள்ளே நுழைவார்கள்.

அன்றும் குத்பா தொடங்க ஐந்து நிமிடம் இருக்கும்போது அவர் அப்படித்தான் நுழைந்தார். முனையில் பூக்கட்டி விற்கும் ஓர் அம்மா, அறுபது வயதைக் கடந்தவர், டீ வாங்குவதற்காகத் தெருவைக் கடந்துகொண்டிருந்தார். பைக்கின் ஹேண்டில்பார் இடித்துக் கீழே விழுந்ததில் நெற்றியில் காயம், இடுப்பு எலும்பு முறிவு.

அந்த இளைஞர் ஓடிவிடவில்லை. ஆட்டோவில் ஏற்றி மருத்துவமனைக்குக் கொண்டு போனார். ஜும்ஆ தவறிவிட்டது, அங்கேயே ஒரு மூலையில் லுஹர் தொழுதிருக்கிறார். அடிபட்டவரைக் காப்பாற்றுவதற்காக ஜும்ஆவை விடுவது ஃபிக்ஹில் ஏற்கப்பட்ட உத்ருதான். ஆக, ஜும்ஆவுக்கு வந்தபோது தவறு செய்தார். ஜும்ஆவை விட்டுப் போனபோது சரியாக நடந்துகொண்டார்.

அவருடைய கேள்விக்கு அன்று நான் சொன்ன பதில் அரைகுறையானது. அதற்கு ஒரு காரணமும் இருந்தது, பிறகு சொல்கிறேன். இந்த ஜும்ஆவில் பேசியதை இங்கே கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

விரைந்து வரச் சொன்னது குர்ஆன் அல்லவா?

அந்த இளைஞர் ஓதியவர். சும்மா கேட்கவில்லை, ஆதாரத்தோடு கேட்டார். ஜும்ஆவுக்கு அழைக்கப்பட்டால் அல்லாஹ்வின் நினைவின்பால் விரையுங்கள் என்ற கருத்தில் சூரா ஜும்ஆவில் வசனம் இருக்கிறதே, நான் விரைந்துதானே வந்தேன் என்றார்.

அந்த வசனத்தில் வரும் சொல் ‘ஃபஸ்அவ்’. ஸஃயு என்றால் ஓடுவது என்றுதான் முதலில் மனதுக்கு வரும். ஸஃபா மர்வா ஞாபகம் வரும். ஆனால் உமர் (ரலி) அவர்கள் இந்த இடத்தில் ‘ஃபம்ளூ’, அதாவது புறப்பட்டுச் செல்லுங்கள் என்று ஓதி வந்ததாக முவத்தாவில் இருக்கிறது. இமாம் மாலிக் (ரஹ்) அவர்கள் அதே இடத்தில், குர்ஆனில் ஸஃயு என்பது கால்களால் ஓடுவதைக் குறிக்காது, செயலையும் முயற்சியையும் குறிக்கும் என்று விளக்கி, வேறு வசனங்களிலிருந்து உதாரணமும் காட்டுகிறார்கள். ஒளு செய்வது, குளிப்பது, கடையை நேரத்தோடு மூடுவது, வீட்டிலிருந்து சீக்கிரமே கிளம்புவது, எல்லாம் அந்த ஸஃயில் அடங்கும். 12 மணிக்குச் செய்ய வேண்டிய ஸஃயை 1.10-க்கு ஆக்ஸிலேட்டரில் செய்ய முடியாது.

ஓடுவதைப் பற்றி நபி (ஸல்) அவர்களே தெளிவாகச் சொல்லிவிட்டார்கள். இகாமத் காதில் விழுந்தாலும் அமைதியோடும் கண்ணியத்தோடும் நடந்து வாருங்கள், கிடைத்த ரக்அத்தைத் தொழுங்கள், தவறியதைப் பூர்த்தி செய்யுங்கள் என்ற கருத்தில் புகாரியிலும் முஸ்லிமிலும் ஹதீஸ் வருகிறது. கால்நடையாக வருகிறவருக்கே இந்தச் சட்டம் என்றால், 150 சிசி வண்டியில் வருகிறவருக்கு என்ன சட்டம் என்று கேட்கவே வேண்டியதில்லை.

அரஃபாவிலிருந்து திரும்பிய இரவை நினைத்துப் பாருங்கள். உம்மத்தின் மிகப் பெரிய கூட்டம் ஒரே திசையில் முஸ்தலிஃபாவை நோக்கி நகர்கிறது. பின்னால் ஒட்டகங்களை அதட்டும் சத்தமும் அடிக்கும் சத்தமும் கேட்கிறது. நபி (ஸல்) அவர்கள் தம் சாட்டையால் சைகை செய்து மக்களை அமைதிப்படுத்தினார்கள். வேகமாக ஓட்டுவதில் நன்மை இல்லை என்று உணர்த்தினார்கள். இதை இப்னு அப்பாஸ் (ரலி) அறிவிக்கிறார்கள். அதே பயணத்தைப் பற்றி உஸாமா (ரலி) சொல்லும்போது, நபியவர்கள் நிதானமான நடையில் போனார்கள், இடைவெளி கிடைத்த இடத்தில் வேகத்தைக் கூட்டினார்கள் என்கிறார்கள். கூட்டத்தில் நிதானம், காலி இடத்தில் வேகம். வேகமே கூடாது என்று மார்க்கம் சொல்லவில்லை என்பதையும் கவனியுங்கள். ஹஜ்ஜின் அமலில் இருந்தவர்களையே நிதானப்படுத்திய நபி, ஜும்ஆவின் அவசரத்தை மட்டும் மன்னிப்பார்களா?

இன்னொரு சம்பவம் நம் விஷயத்துக்கு இன்னும் நெருக்கமானது. ஜும்ஆ குத்பா நடக்கிறது. தாமதமாக வந்த ஒருவர் உட்கார்ந்திருப்பவர்களின் பிடரிகளைத் தாண்டி முன்னே வருகிறார். நபி (ஸல்) அவர்கள் குத்பாவை நிறுத்தி, அவரை உட்காரச் சொல்லி, மக்களுக்குத் தொல்லை தந்துவிட்டதாகக் கண்டித்தார்கள். அபூதாவூதில் வரும் ஹதீஸ். அவர் எதற்காக முன்னே வந்தார்? குத்பாவைக் கேட்கத்தான். நோக்கம் நல்லது என்பதற்காக வந்த விதத்தை நபியவர்கள் விட்டுவிடவில்லை.

பலகை நட்டது மனிதன்தானே?

இது அந்த இளைஞர் கேட்டதல்ல. பிறகு டீக்கடையில் வேறு சிலர் பேசிக்கொண்டது. “நோ என்ட்ரி போர்டை நட்டது முனிசிபாலிட்டி. அதை மீறினா ஃபைன் கட்டணும், சரி. பாவம்னு எந்தக் கிதாபுல இருக்கு?” என்று. நியாயமான கேள்விதான். பதில் கிதாபுகளிலேயே இருக்கிறது.

ஷாஃபிஈ ஃபிக்ஹை ஓதியவர்கள் இப்னு ஹஜர் ஹைத்தமீ (ரஹ்) அவர்களின் துஹ்ஃபாவில் மழைத் தொழுகைப் பாடத்தை ஒரு முறை புரட்டிப் பாருங்கள். ஆட்சியாளர் ஒரு காரியத்தைக் கட்டளையிட்டால் அது எந்த அளவுக்குக் கட்டாயம் என்று அங்கே ஆராய்கிறார்கள். பொது நன்மை இல்லாத ஒன்றை ஏவினால் வெளிப்படையாகக் கட்டுப்பட்டால் போதும். பொது நன்மை உள்ள ஒன்றை ஏவினால் அந்தரங்கத்திலும் கட்டுப்படுவது கடமை என்று அவர்கள் கருதுகிறார்கள். அந்தரங்கத்திலும் என்றால்? போலீஸ்காரர் நிற்கும்போது மட்டுமல்ல, அவர் டீ குடிக்கப் போன பிறகும். நான் ஓதிய காலத்தில் இந்த இடத்தை வெறும் மஸ்அலாவாகத்தான் கடந்து போனேன். சிக்னலில் நிற்கும்போதெல்லாம் இப்போது அது நினைவுக்கு வருகிறது.

‘நம் நாட்டு ஆட்சியாளர் முஸ்லிம் இல்லையே’ என்று ஒருவர் இழுப்பார். சரி, அந்த வாதத்தையே ஏற்றுக்கொள்வோம். நீங்கள் லைசென்ஸ் வாங்கியபோது விதிகளைப் படித்து, தேர்வு எழுதி, கையெழுத்துப் போட்டீர்களா இல்லையா? அது உடன்படிக்கை. ஒப்பந்தங்களை நிறைவேற்றுமாறு குர்ஆன் இட்ட கட்டளையில், எதிரில் கையெழுத்திட்டவர் முஸ்லிமாக இருக்க வேண்டும் என்ற நிபந்தனை இல்லை.

இக்கால உலமாக்களின் தீர்ப்பும் இருக்கிறது. 1993 ஜூன் மாதம் புரூணையின் தலைநகர் பந்தர் ஸ்ரீ பகவானில் கூடிய சர்வதேச இஸ்லாமிய ஃபிக்ஹ் அகாடமி, போக்குவரத்து விபத்துகளைப் பற்றித் தனியாகவே ஒரு முடிவை வெளியிட்டது; 71-ஆம் எண் முடிவு. ஷரீஅத்துக்கு முரணாகாத போக்குவரத்து விதிகளைப் பின்பற்றுவது ஷரீஅத்தின்படியே வாஜிப் என்பது அதன் முதல் வரியின் கருத்து. பிறருக்கு உயிரிலோ பொருளிலோ சேதம் ஏற்படுத்திய ஓட்டுநர் பொறுப்பேற்க வேண்டும் என்பதும், தவிர்க்கவே முடியாத நிலை, அடிபட்டவரின் சொந்தத் தவறு போன்ற சில சூழல்களில்தான் விலக்கு என்பதும் அதில் இருக்கிறது.

பாதைக்கு விதி வகுப்பது புதிதும் அல்ல. பாதையின் அகலத்தில் தகராறு வந்தால் 7 முழம் விட வேண்டும் என்று தீர்ப்புச் சொன்னவர்கள் நபி (ஸல்) அவர்கள். ஏறத்தாழ பத்தரை அடி. சுமை ஏற்றிய ஒட்டகங்கள் போகவும் வரவும் அது போதும். ஒட்டகம் போய் பேருந்து வந்துவிட்டது. பத்தரை அடியில் இரண்டு பேருந்துகள் போகவர முடியாது, அதனால் ஒரு தெருவில் போகட்டும், இன்னொரு தெருவில் வரட்டும் என்று பிரித்தார்கள். நோக்கம் ஒன்றேதான்.

ஹஜ்ஜுக்குப் போய்வந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதே இல்லை. ஷைத்தானுக்குக் கல்லெறியும் ஜமராத்தில் 2006 ஜனவரி 12 அன்று நெரிசலில் 346 ஹாஜிகள் இறந்தார்கள். அதற்குப் பிறகு பழைய பாலத்தை இடித்து, பல அடுக்குகளாகப் புதிய பாலம் கட்டி, வருகிற வழி வேறு, போகிற வழி வேறு என்று ஆக்கிவிட்டார்கள். கல்லெறிவது மார்க்கக் கடமை. எந்த வழியாக வந்து எந்த வழியாகப் போக வேண்டும் என்பது இன்ஜினியர் வகுத்தது. அங்கே நின்று “இந்த அம்புக்குறி எந்தக் கிதாபுல இருக்கு?” என்று எந்த ஹாஜியாவது கேட்டாரா? எதிரே நடந்தால் யாரோ ஒருவர் மிதிபட்டுச் சாவார் என்று கண்ணால் பார்க்கிறோம், அதனால் கேட்பதில்லை. நம் தெருவில் அது கண்ணில் படுவதில்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

(சிலர் பயான்களில் ‘தவாஃபே ஒருவழிப்பாதைதான்’ என்று சொல்வதைக் கேட்டிருக்கிறேன். கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் கஃபாவை இடப்பக்கம் வைத்துச் சுற்றுவது காரணம் தேடாமல் செய்யும் இபாதத். போக்குவரத்து விதியின் காரணம் நமக்குத் தெரியும். இரண்டையும் கலக்காமல் இருப்பதே நல்லது என்பது என் கருத்து.)

அந்த அம்மா சொன்னது

மறுநாள் அந்த இளைஞரையும் அழைத்துக்கொண்டு மருத்துவமனைக்குப் போனேன். அந்த அம்மா எங்களைத் திட்டுவார், அழுவார் என்று எதிர்பார்த்துப் போனோம். அவரோ தன் பக்கம் தவறில்லை என்று எங்களிடம் நிரூபிக்க முயன்றார். “நான் வண்டி வர்ற பக்கம் பாத்துக்கிட்டேதான் பாய் வந்தேன். சத்தியமா பாத்துக்கிட்டேதான் வந்தேன்” என்று திரும்பத் திரும்பச் சொன்னார்.

இரண்டு நாட்களாக என்னைத் தூங்கவிடாத வார்த்தை அது. முழு மஸ்அலாவும் அதற்குள் இருக்கிறது.

இருவழிப் பாதையைக் கடக்கிறவர் இரண்டு பக்கமும் பார்க்கிறார். தன் உயிருக்குத் தானே காவல். ஒருவழிப்பாதையில் என்ன நடக்கிறது? ஊர் அவரிடம் ஒரு வாக்குக் கொடுக்கிறது: ‘நீ வடக்கே மட்டும் பார்த்தால் போதும், தெற்கிலிருந்து யாரும் வர மாட்டார்கள்.’ அந்த அம்மா அதை நம்பினார். தன் முகத்தை ஒரு பக்கம் திருப்பி, மறுபக்கத்து உயிரை நம்மிடம் ஒப்படைத்தார். பூ விற்கிறவர், பள்ளிக்கூடப் பிள்ளை, கைத்தடியோடு நடக்கும் நம் வாப்பா, எல்லோரும் அந்தத் தெருவைக் கடக்கும்போது அப்படித்தான் ஒப்படைக்கிறார்கள். இதற்குப் பெயர் அமானத். நோ என்ட்ரிக்குள் நுழைகிறவர் முனிசிபாலிட்டியின் பலகையை மீறியதாக நினைத்துக்கொள்கிறார். உண்மையில் முகம் திருப்பி நின்ற ஒருவருடைய அமானத்தில் அவர் கை வைத்துவிட்டார்.

அல்லாஹ் தன் உரிமையை மன்னிப்பான். அடியார்களின் ஹக்கு அப்படி இல்லை என்பதைச் சிறு வயதிலிருந்தே கேட்டு வருகிறோம். கடன் வாங்கியதையும் புறம் பேசியதையும்தான் நாம் ஹக்குல் இபாத் என்று நினைக்கிறோம். சாலையில் நம்மை நம்பி நடக்கும் முகம் தெரியாத ஆயிரம் பேருடைய ஹக்கை எந்தக் கணக்கில் வைத்திருக்கிறோம்?

அந்த அம்மா முஸ்லிம் அல்ல. அதையும் ஒருவர் என்னிடம் குறிப்பிட்டார், எதற்காக என்று எனக்குப் புரியவில்லை. தவறுதலாக நேர்ந்த கொலையைப் பற்றிப் பேசும் சூரா நிஸாவின் வசனத்தைப் பாருங்கள். இறந்தவர் நம்மோடு உடன்படிக்கை உள்ள சமூகத்தைச் சேர்ந்தவர் என்றால், அவருடைய குடும்பத்துக்குத் தியத்தும் கொடுக்க வேண்டும், கஃப்பாராவும் நிறைவேற்ற வேண்டும் என்றே அல்லாஹ் அங்கே சட்டமாக்குகிறான். அடிமையை விடுதலை செய்ய வழியில்லாதவர் இரண்டு மாதம் தொடர்ந்து நோன்பு நோற்க வேண்டும். இடையில் காரணமின்றி ஒரு நோன்பு விட்டாலும் முதலிலிருந்து தொடங்க வேண்டும். சாலையில் ஓர் உயிர் நம்மால் போனால் நீதிமன்றம் தண்டனை தருவதோ விடுவிப்பதோ ஒரு பக்கம். இந்த அறுபது நோன்பு வேறு பக்கம் காத்திருக்கிறது. இன்சூரன்ஸ் அதைக் கட்டாது. விபத்து வழக்குகளில் சம்பந்தப்பட்ட எத்தனையோ பேர் இப்படி ஒரு கடமை தம்மேல் இருப்பதே தெரியாமல் இருக்கிறார்கள்.

‘வேணும்னா செஞ்சேன்? விபத்துதானே!’ என்பது நாம் எல்லோரும் சொல்வது. அந்த இளைஞரும் சொன்னார். மோதியது தவறுதலாகத்தான் நடந்தது, சந்தேகமில்லை. ஆனால் நுழைந்தது? பலகையைப் பார்த்தார், தெரிந்தே நுழைந்தார்.

ஹிதாயாவில் படித்தது

ஹிஜ்ரி 593-இல் மறைந்த இமாம் மர்ஙீனானீ (ரஹ்) அவர்களின் ஹிதாயாவில், பாதையில் மிருகத்தால் ஏற்படும் சேதங்களுக்கு ஒரு தனிப் பாடம் இருக்கிறது. பொதுப் பாதையில் போவது எல்லோருக்கும் ஆகுமானது, ஆனால் தவிர்க்க முடிந்த சேதம் பிறருக்கு வராமல் என்ற நிபந்தனையோடு என்பது அங்கே அடிப்படை. எனவே, சவாரி செய்கிறவரின் மிருகம் யாரையாவது மிதித்தாலோ, தலையால் முட்டினாலோ, கடித்தாலோ சவாரி செய்தவர் நஷ்டஈடு தர வேண்டும். ஓடும்போது பின்னங்காலால் உதைத்தாலோ வாலால் அடித்தாலோ இல்லை. முன்னே பார்த்துப் போகிறவரால் அதைத் தடுக்க முடியாது.

அடுத்து வருவதுதான் என்னை வியக்க வைக்கும் இடம். அதே மிருகத்தைப் பாதையில் நிறுத்தி வைத்தால், அப்போது அது உதைத்தாலும் அவர்தான் பொறுப்பு. ஏன்? உதைப்பதைத் தடுக்க முடியாவிட்டாலும், அங்கே நிறுத்தாமல் இருந்திருக்க முடியுமே!

வெள்ளிக்கிழமை நம் மஸ்ஜித் வாசலில் இரண்டு வரிசையாக, மூன்று வரிசையாக நிற்கும் வண்டிகளை இங்கே நினைத்துக்கொள்ளுங்கள். அந்த நெரிசலில் ஒரு ஆட்டோ ஒதுங்க இடமில்லாமல் யார் மீதாவது உரசினால், ஹிதாயாவின் கணக்கில் உள்ளே தஹிய்யத் ஓதிக்கொண்டிருப்பவருக்கும் அதில் பங்கு வரலாம். ஒட்டகமும் கழுதையும் போன தெருவுக்கு இவ்வளவு நுணுக்கமாகச் சட்டம் எழுதியவர்கள் நம் தெருவைப் பார்த்திருந்தால் இன்னும் எத்தனை பக்கம் எழுதியிருப்பார்களோ.

ஒரு தமாஷான விஷயம். நேராக நுழையக் கூடாது என்பதால் வண்டியைத் திருப்பி ரிவர்ஸில் கொண்டு வருகிறவர்களைப் பார்த்திருப்பீர்கள். வண்டியின் முகம் சரியான திசையைப் பார்க்கிறதாம்! இந்த ஹீலா அரசாங்கத்துக்கு முன்பே தெரியும். 1989-இல் வெளியான சாலை விதிகளிலேயே, ஒருவழிப்பாதைக்குள் ரிவர்ஸிலும் போகக் கூடாது என்று எழுதி வைத்துவிட்டார்கள்.

சட்டத்தைப் பற்றியும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 2019-இல் திருத்தப்பட்ட மோட்டார் வாகனச் சட்டத்தின் 184-ஆவது பிரிவு, எதிர்த்திசையில் ஓட்டுவதை ஆபத்தான ஓட்டுதல் என்ற குற்றத்தின் கீழ் வைக்கிறது. முதல் முறைக்கே 6 மாதம் முதல் 1 ஆண்டு வரை சிறை, அல்லது 1,000 முதல் 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். பதினெட்டு வயது ஆகாத பிள்ளையிடம் ‘போய்த் தொழுதுட்டு வா’ என்று வண்டிச் சாவியைக் கொடுக்கும் தகப்பன்மார்கள் 199ஏ பிரிவையும் தெரிந்துகொள்ளுங்கள்: பிள்ளை விதியை மீறிக் குற்றம் செய்தால் தகப்பனுக்கு 3 ஆண்டு வரை சிறை, 25,000 ரூபாய் அபராதம். 2022-இல் நம் தமிழ்நாட்டில் மட்டும் 64,105 விபத்துகள், 17,884 மரணங்கள். ஒரு நாளைக்கு 49 வீடுகளில் ஒப்பாரி.

யாருமே இல்லாத தெருவில்?

பயானுக்குப் பிறகு ஒரு கல்லூரி மாணவர் கேட்டார்: “ஹஜ்ரத், ராத்திரி ரெண்டு மணிக்கு, தெருவுல ஒரு ஆள் இல்லை. அப்பவும் சுத்திக்கிட்டுத்தான் போகணுமா? யாருடைய அமானத்தை மீறுறேன்?”

நல்ல கேள்வி. பாதிக்கப்படுகிறவர் யாரும் இல்லை என்றால் பாவம் எங்கிருந்து வரும் என்று அவர் கேட்கிறார். நான் யோசித்தவரை சொல்கிறேன். ‘யாருமே இல்லை’ என்பது உங்களுக்குத் தெரிந்த விஷயமா, நீங்கள் ஊகிக்கும் விஷயமா? சந்தில் இருந்து வரப்போகும் வண்டி உங்கள் கண்ணுக்குத் தெரியாது. இரண்டு பேர் ஆளுக்கு 40 கிலோமீட்டர் வேகத்தில் எதிரெதிரே வந்தால் ஒரு விநாடியில் 22 மீட்டர் இடைவெளி காணாமல் போகிறது. பிரேக்கில் கால் வைக்கவே ஒரு விநாடி பிடிக்கும். அவர் வேறு யாரும் வர மாட்டார்கள் என்று நம்பி வருகிறார். நீங்களும் யாரும் இல்லை என்று நம்பி வருகிறீர்கள். அவருடைய நம்பிக்கைக்கு ஆதாரம் பலகை. உங்களுடையதற்கு ஆதாரம் வெறும் ஊகம்.

உயிர் போகும் அவசரம் என்றால் கதை வேறு. ளரூரத்தின் சட்டங்கள் ஷரீஅத்திலும் உண்டு. ஆம்புலன்ஸுக்கும் தீயணைப்பு வண்டிக்கும் அரசாங்கமும் சலுகை வைத்திருக்கிறது. ஆனால் ஜும்ஆவின் முதல் ஸஃப் ளரூரத் அல்ல. பெட்ரோல் மிச்சம் பிடிப்பது நிச்சயமாக அல்ல.

இப்போது, பிறகு சொல்கிறேன் என்றேனே, அது. நான் குடியிருப்பது தெற்கு முனைக்கு அப்பால். நாலு வருடமாக ஃபஜ்ருக்கு வரும்போது என் ஸ்கூட்டியை அந்த நோ என்ட்ரி வழியாகத்தான் ஓட்டி வந்தேன். விடியற்காலை நாலரை மணி, தெருவில் யார் இருக்கிறார்கள் என்ற நினைப்பு. அந்த மாணவர் கேட்டது என் சொந்தக் கேள்வி. முனையில் டீக்கடை வைத்திருப்பவர் நாலரைக்கெல்லாம் அடுப்புப் பற்றவைத்துவிடுவார். விபத்து நடந்த அன்று மாலை அவர் என்னிடம் கோபமில்லாமல்தான் சொன்னார்: “பாய், நீங்க தினமும் இந்தப் பக்கமா வர்றதப் பாத்துட்டுத்தான பசங்களும் வர்றாங்க.” தெருவில் யாரும் இல்லை என்று நான் நினைத்த நாலு வருடமும் ஒருவர் பார்த்துக்கொண்டு இருந்திருக்கிறார். அதனால்தான் அந்த இளைஞருக்கு என்னால் அன்று முழுமையாகப் பதில் சொல்ல வாய் வரவில்லை.

இப்போது அவருக்கு நான் சொல்லும் பதில் என்னுடையதல்ல. அபூபக்ரா (ரலி) அவர்கள் ஒரு நாள் தொழுகைக்கு வந்தபோது நபியவர்கள் ருகூவில் இருந்தார்கள். ரக்அத் போய்விடுமே என்ற தவிப்பில், ஸஃப்பை அடைவதற்கு முன்பே ருகூவு செய்து அப்படியே நகர்ந்து சேர்ந்துகொண்டார்கள். விஷயம் தெரிந்ததும் நபி (ஸல்) அவர்கள் இரண்டு காரியம் செய்தார்கள். அந்த ஆர்வத்தை அல்லாஹ் அதிகமாக்கட்டும் என்று துஆச் செய்தார்கள். இனி அப்படிச் செய்ய வேண்டாம் என்றும் சொன்னார்கள். புகாரியில் இருக்கிறது. ஜும்ஆவின் மேல் உள்ள ஆசைக்குக் கூலி உண்டு, தம்பி. வந்த வழிக்குக் கணக்கும் உண்டு. ஒன்றைக் காட்டி இன்னொன்றைக் கழிக்க முடியாது.

அவர் இப்போது என்ன செய்கிறார் என்றால், மருத்துவச் செலவை ஏற்றுக்கொண்டதோடு, அந்த அம்மா ஒரு நாளைக்குப் பூ விற்றுச் சம்பாதித்ததை விசாரித்து, எழுந்து நடமாடும் வரை வாரா வாரம் கொடுத்து வருகிறார். கேஸ் அதன் போக்கில் நடக்கட்டும், வாபஸ் வாங்கச் சொல்லி யாரும் அந்தக் குடும்பத்தை நெருக்கக் கூடாது என்று நிர்வாகமும் முடிவு செய்திருக்கிறது. முனையில் அந்த அம்மாவின் இடத்தில் இப்போது அவருடைய மகள் உட்கார்ந்து பூக்கட்டுகிறார்.

நிர்வாகம் அறிவிக்கச் சொன்னவை: அடுத்த வெள்ளி முதல் தமிழ் பயான் 12.40-க்குத் தொடங்கும், குத்பா வழக்கம்போல 1.15-க்கு. தெற்குப் பக்கத்திலிருந்து வருகிறவர்கள் வண்டியைப் பேருந்து நிலைய ஸ்டாண்டில் விட்டுவிட்டு நடந்து வரலாம். டோக்கன் காசை மஸ்ஜித் கொடுத்துவிடும். வாசலில் ஒரு வரிசைக்கு மேல் வண்டி நிறுத்தக் கூடாது. 12.30 முதல் பாங்கு சொல்லும் வரை தெற்கு முனையில் இரண்டு இளைஞர்கள் நிற்பார்கள். அதில் ஒருவர் அவரே கேட்டுக்கொண்டு நிற்கிறார், யார் என்று உங்களுக்குப் புரியும். அவரிடம் யாரும் எதுவும் கேட்க வேண்டாம். ஃபஜ்ரில் அங்கே யாரும் நிற்க மாட்டார்கள். என் ஸ்கூட்டி அந்தப் பக்கமாக வருவதைக் கண்டால், தயவுசெய்து டீக்கடைக்காரரிடம் விட்டுவிடாமல் நீங்களே நிறுத்திக் கேளுங்கள்.